முதலில் வரும் முகடு

2024 ஜூன் 18 இரவிலிருந்தே கள்ளக்குறிச்சி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு ஆட்கள் வரத் தொடங்கினார்கள். வயிற்றுவலி, வாந்தி, மூச்சுத்திணறல். பலருக்குக் கண் மங்கிப்போயிருந்தது. பெரும்பாலோர் நகரத்துக்குள்ளேயே இருக்கும் கருணாபுரம் பகுதிக்காரர்கள், அன்றாடம் கூலிக்குப் போகிறவர்கள். எல்லாரும் பாக்கெட் சாராயம் குடித்திருந்தார்கள். மறுநாள் மாலைக்குள் ஆம்புலன்ஸ்கள் சேலத்துக்கும் விழுப்புரம் முண்டியம்பாக்கத்துக்கும் புதுச்சேரி ஜிப்மருக்கும் ஓடிக்கொண்டிருந்தன. இருநூறுக்கும் மேற்பட்டோர் சிகிச்சை பெற்றார்கள். 68 பேர் இறந்தார்கள்.

முதல் சில மரணங்கள் நேர்ந்தபோது அவற்றுக்கு வேறு உடல்நலக் கோளாறுகள்தான் காரணம் என்று மாவட்ட நிர்வாகத் தரப்பில் சொல்லப்பட்டது. அந்தச் சில மணி நேரத்தில் நடந்ததுதான் கொடுமை. துக்க வீட்டுக்கு வந்தவர்களில் சிலரும் அதே சரக்கைக் குடித்ததாகப் பின்னர் செய்திகள் வந்தன. செத்தவர் எதனால் செத்தார் என்று தெரியாததால் எது நஞ்சு என்றும் அவர்களுக்குத் தெரியவில்லை. பறிமுதல் செய்யப்பட்ட சுமார் 200 லிட்டர் சாராயத்தின் மாதிரி விழுப்புரம் தடய அறிவியல் ஆய்வகத்துக்குப் போய், அதில் மெத்தனால் இருப்பது உறுதியான பிறகுதான் நஞ்சின் பெயர் அதிகாரபூர்வமாக வெளியே வந்தது.

கள்ளச்சாராயம் என்றதும் எல்லாருடைய விரலும் கல்வராயன் மலையை நோக்கி நீண்டது. கிழக்குத் தொடர்ச்சி மலையின் இந்தப் பகுதிக்குக் கள்ளச்சாராயப் பெயர் பழையது. பழங்குடி மக்கள் வாழும், 1976 வரை ஜாகீர்தார்கள் ஆண்ட, சாலையும் பள்ளியும் மருத்துவமனையும் தாமதமாக ஏறிய மலை அது. ஓடையோரப் பள்ளங்களில் பேரல் பேரலாக ஊறல் போடுவதும், போலீஸ் போய் அதைக் கொட்டி அழிப்பதும் நாளிதழ்களின் மாவட்டப் பக்கத்தில் வழக்கமான செய்தி. வெல்லம், கடுக்காய், வேலம்பட்டை சேர்த்துத் தண்ணீரில் ஊறவிட்டால் ஈஸ்ட் என்னும் நுண்ணுயிர் சர்க்கரையைத் தின்று எத்தனாலாக மாற்றும். அதைக் காய்ச்சி வடித்தால் சாராயம். கெடுதலானதுதான், சட்டவிரோதமானதுதான். ஆனால் கருணாபுரத்தில் ஆட்களைக் கொத்துக்கொத்தாகக் கொன்றது அது அல்ல.

வெல்ல ஊறலில் மெத்தனால் பேருக்குத்தான் உருவாகும். பழத்தோலிலும் பட்டையிலும் உள்ள பெக்டின் என்ற பொருள் சிதையும்போது கொஞ்சம் வரும், அவ்வளவே. ஒரே இரவில் ஒரு தெருவையே சாய்க்கும் அளவு மெத்தனால் ஊறல் பேரலில் பிறப்பதில்லை. தொழிற்சாலை டிரம்மிலிருந்துதான் வர வேண்டும். பெயிண்ட், வார்னிஷ், பிளாஸ்டிக், மருந்து மூலப்பொருள் என்று நூறு தொழில்களுக்கு அது கரைப்பானாகவும் கச்சாப் பொருளாகவும் வேண்டும். கருணாபுரத்துக்கு ஒரு வருடம் முன்பு, 2023 மே மாதம், மரக்காணம் அருகே எக்கியார்குப்பத்திலும் செங்கல்பட்டு மாவட்டத்திலும் 22 பேரைக் கொன்றதும் ஊறல் சாராயம் அல்ல, தொழிற்சாலையிலிருந்து கைமாறிய மெத்தனால்தான். கருணாபுரம் விசாரணையும் அதே வழியில்தான் போய் நின்றது. மலையைத் திட்டுவது எளிது. டிரம் எந்தக் கிடங்கிலிருந்து கிளம்பியது என்று கேட்பதுதான் பயனுள்ள கேள்வி.

ஊறல் போட்டுக் காய்ச்ச நாள் கணக்காகும்; புகை போலீசைக் கூப்பிடும். டிரம்மைத் திறந்து தண்ணீர் ஊற்றிக் கலக்க அரை மணி நேரம் போதும். போலி வியாபாரத்தின் கணக்கு எல்லா ஊரிலும் இதுதான். மலிவான ஒன்றை, விலையுயர்ந்த ஒன்றின் சாயலில், அதன் இடத்தில் வைப்பது. மெத்தனாலும் எத்தனாலும் நிறமற்றவை, தண்ணீரில் கலப்பவை, வாசனையிலும் கிட்டத்தட்ட ஒன்றுபோல் இருப்பவை. மூலக்கூறில் ஒரு கார்பன் அணுவும் இரண்டு ஹைட்ரஜன் அணுக்களும்தான் வித்தியாசம்.

அந்த வித்தியாசம் கல்லீரலில்தான் வெளிப்படுகிறது. எத்தனாலை உடைக்கும் அதே என்சைம் மெத்தனாலையும் உடைக்கிறது. முதலில் ஃபார்மால்டிஹைடு, அடுத்து ஃபார்மிக் அமிலம். சிற்றெறும்பு கடித்தால் எரிய வைக்கும் அதே அமிலம், இங்கே செல்களுக்குள் ஆக்சிஜனைப் பயன்படுத்தும் கடைசிப் படியை அடைத்துவிடுகிறது. ஆக்சிஜன் அதிகம் வேண்டும் பார்வை நரம்பு முதலில் அடிபடுகிறது. சுத்தமான மெத்தனால் 10 மில்லி பார்வையைப் பறிக்கப் போதும். 30 மில்லி உயிரைப் பறிக்கலாம்.

இதில் ஒரு விபரீதமும் உண்டு. என்சைம் எத்தனாலைத்தான் அதிகம் விரும்பும். இரண்டும் கலந்த சரக்கைக் குடித்தவருக்கு முதலில் எத்தனால் செரிமானமாகும். மெத்தனால் தன் முறைக்காகக் காத்திருக்கும். அதனால்தான் ராத்திரி குடித்தவர் நன்றாகத் தூங்கி எழுந்து, 12 மணி நேரமோ 24 மணி நேரமோ கழித்து ‘கண்ணு மங்குது’ என்கிறார். மருத்துவமனையில் மருத்துவர்கள் எத்தனாலையே மாற்று மருந்தாகக் கொடுப்பதும் இந்தக் காரணத்தால்தான். ஃபோமெபிசோல் என்னும் மருந்து அதே என்சைமை இன்னும் பாதுகாப்பாகக் கட்டிப்போடும், விலைதான் அதிகம்.

கொளுத்திப் பார்த்தால் தெரிந்துவிடும் என்று நம்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். நீலமாக எரிந்தால் நல்ல சரக்காம். மெத்தனாலும் நீலமாகத்தான் எரியும். கண்ணும் மூக்கும் நாக்கும் இந்த வேலைக்கு ஆகாது. போலி தயாரிப்பவன் முதலில் ஏமாற்றுவதே அவற்றைத்தான். பிறகு யாரைக் கேட்பது?

இந்தக் கேள்விக்காக இந்தியாவில் முதன்முதலில் ஆய்வகம் அமைத்தது மதராஸ். 1849-ல் இங்கே தொடங்கிய ரசாயனப் பரிசோதகர் ஆய்வகம்தான் நாட்டில் முதலாவது. கல்கத்தாவும் பம்பாயும் பின்னால் வந்தன. அந்தக் காலத்தில் அங்கே வந்தவை பெரும்பாலும் பாஷாணம், ஊமத்தை, அபின். இன்றைய தமிழ்நாடு தடய அறிவியல் துறையின் வேர் அதுவே. விழுப்புரம் ஆய்வகம் அதன் மண்டலக் கிளை.

ஆய்வகத்தில் சோதனை தொடங்கும் முன்பே, பிணவறையில் ஒரு தவறு எல்லாவற்றையும் கெடுத்துவிட முடியும். பிரேதப் பரிசோதனையில் எடுக்கும் இரைப்பை, கல்லீரல், சிறுநீரகத் துண்டுகள் கெடாமலிருக்க ஏதாவது ஒரு திரவத்தில் போட்டு வைக்க வேண்டும். ஸ்பிரிட்டில் போட்டால் சாராயத்தைத் தேடும் இடத்தில் நாமே சாராயத்தை ஊற்றியதாகிவிடும். ஃபார்மலினில் போட்டால் இன்னும் மோசம். அது ஃபார்மால்டிஹைடின் கரைசல். கெட்டியாகாமலிருக்க அதில் மெத்தனாலையே சேர்த்திருப்பார்கள். அதனால் நிறைவுற்ற உப்புக் கரைசல் என்று சொல்லப்படும், இனி ஒரு கல் உப்புகூடக் கரையாத அளவு உப்பிட்ட தண்ணீர்தான் இங்கே வழக்கம். ரத்தம் தனிக் குழாயில், சோடியம் ஃபுளூரைடு சேர்த்து, வாய் இறுக மூடி வரும். ஃபுளூரைடு இல்லாவிட்டால் நுண்ணுயிர்கள் ரத்தச் சர்க்கரையைப் புளிக்கவைத்து, குடிக்காதவரையும் குடித்தவராக்கிவிடும். ஆழாக்கு உப்பில் வழக்கு நிற்கிறது.

முதல் சோதனை நிறச் சோதனை. கல்லூரி வேதியியல் ஆய்வகத்தில் இருக்கும் பொருட்களே இதற்குப் போதும். மாதிரியில் பாஸ்பாரிக் அமிலமும் பொட்டாசியம் பெர்மாங்கனேட்டும் சேர்த்தால், மெத்தனால் ஃபார்மால்டிஹைடாக மாறும். கல்லீரல் செய்யும் முதல் படியைச் சோதனைக் குழாய் செய்துகாட்டுகிறது. மிச்சமுள்ள பெர்மாங்கனேட்டின் நிறத்தைப் போக்கிவிட்டு, குரோமோட்ரோபிக் அமிலமும் அடர் கந்தக அமிலமும் விட்டால், ஃபார்மால்டிஹைடு இருக்கும் இடத்தில் கத்தரிப்பூ நிறம் எழும். பக்கத்தில் இன்னொரு குழாயையும் கட்டாயம் வைப்பார்கள்; அதில் பெர்மாங்கனேட் மட்டும் சேராது. அதிலும் நிறம் வந்தால் மாதிரியில் முன்பே ஃபார்மால்டிஹைடு இருந்திருக்கிறது என்று பொருள். அந்த இரண்டாவது குழாய் இல்லாமல் தரும் அறிக்கையை வக்கீல் ஒருவர் ஐந்து நிமிடத்தில் கிழித்துவிடுவார்.

நிறம் ‘இருக்கிறது’ என்று சொல்லும். எவ்வளவு, கூடவே வேறென்ன என்று சொல்ல வாயு நிறப்பிரிகை வேண்டும். 1952-ல் ஏ. டி. ஜேம்ஸ், ஆர்ச்சர் மார்ட்டின் என்ற இருவர் உருவாக்கிய முறை இது. மூடிய குப்பியில் ஒரு சொட்டு ரத்தத்தையோ சாராயத்தையோ 60 டிகிரி அளவில் சூடாக்கினால், ஆவியாகக்கூடியவை எல்லாம் மேலே உள்ள காலி இடத்துக்கு வந்து சேரும். அந்த ஆவியை ஊசியால் எடுத்து, தலைமுடி போன்ற நுண்ணிய, 30 மீட்டர் நீளச் சுருள் குழாய்க்குள் செலுத்துவார்கள். பின்னாலிருந்து நைட்ரஜனோ ஹீலியமோ தள்ளும். குழாயின் உட்சுவரில் ஒரு பூச்சு உண்டு. தேர்த் திருவிழாக் கூட்டத்தில் ஒவ்வொரு கடையிலும் நின்று நின்று போகிறவர் கடைசியிலும், எதையும் ஏறெடுத்துப் பார்க்காதவர் முதலிலும் தெருமுனையை அடைவதுபோல, பூச்சோடு ஒட்டாத மூலக்கூறு சீக்கிரம் வெளியே வரும். குழாயின் மறுமுனையில் ஒரு சிறிய ஹைட்ரஜன் சுடர். வெளியே வரும் ஒவ்வொரு பொருளும் அதில் எரிந்து ஒரு மின்துடிப்பைத் தரும். கணினித் திரையில் ஒரு முகடு எழும்.

64.7 டிகிரியில் கொதிக்கும் மெத்தனால் முதலில் வரும். 78 டிகிரியில் கொதிக்கும் எத்தனால் பின்னால் வரும். நடுவில் சில வினாடிகள்தான் இடைவெளி, ஆனால் குழப்பத்துக்கு இடமில்லை. மாதிரியில் வழக்கமாக இருக்காத ஒரு பொருளை, உதாரணமாக நார்மல் புரோப்பனாலை, தெரிந்த அளவில் ஆய்வாளரே சேர்த்துவிடுவார். அதன் முகட்டோடு ஒப்பிட்டுத்தான் மெத்தனாலின் அளவு கணக்கிடப்படும். ஊசி சற்றுக் குறைவாக எடுத்தாலும் இரண்டும் சேர்ந்தே குறையும், விகிதம் மாறாது. மாதிரியை இயந்திரத்தில் ஏற்றியபின் பத்து நிமிடம் போதும். மாதிரி ஆய்வகத்துக்கு வந்து சேர்வதுதான் நேரத்தைத் தின்கிறது.

சாராயத்தில் நடந்த இதே விளையாட்டு மலேரியா மாத்திரையில் நடந்தபோது எதிராளி இன்னும் கெட்டிக்காரனாக இருந்தான். 1990-களின் பிற்பகுதியில் தென்கிழக்கு ஆசியச் சந்தைகளில் ஆர்ட்டிசுனேட் மாத்திரையின் போலிகள் பரவின. சீனாவின் குயிலின் நிறுவனத்தின் அட்டையை அச்சு அசலாக, ஹோலோகிராம் ஸ்டிக்கர் உட்பட நகலெடுத்திருந்தார்கள். பால் நியூட்டன் தலைமையிலான மருத்துவர்கள் கடைகளில் வாங்கிச் சோதித்து 2001-ல் வெளியிட்ட ஆய்வில் 38 சதவீதம் போலி. மூளை மலேரியா வந்த குழந்தைக்கு மாவு மாத்திரை கொடுத்தால் என்ன ஆகும் என்று விளக்க வேண்டியதில்லை. கருணாபுரத்தில் போலி நேராகக் கொன்றது. இங்கே போலி சும்மா இருந்தது, நோய் கொன்றது. எந்தப் பிரேதப் பரிசோதனையும் அதைக் காட்டிக்கொடுக்காது.

அமெரிக்காவின் நோய்க் கட்டுப்பாட்டு மையத்தில் இருந்த மைக்கேல் கிரீன் இதற்கு ஒரு மலிவான நிறச் சோதனையைக் கண்டுபிடித்தார். மாத்திரையின் ஒரு துணுக்கைக் காரத்தில் கரைத்து, ஃபாஸ்ட் ரெட் டிஆர் என்ற சாயத்தைச் சேர்த்தால், ஆர்ட்டிசுனேட் இருந்தால் மஞ்சள் நிறம் வரும். இல்லாவிட்டால் வராது. கிராமத்து மருந்தகத்திலேயே செய்துவிடலாம். சில வருடங்களில் போலி மாத்திரைகளிலும் மஞ்சள் நிறம் வரத் தொடங்கியது. தேவையான அளவில் ஒரு சிறு பகுதி ஆர்ட்டிசுனேட்டை மட்டும் போட்டுத் தயாரித்திருந்தார்கள். சோதனையை ஏமாற்றவே அப்படிச் செய்திருக்க வேண்டும். நோயாளியைப் பொறுத்தவரை இது வெறும் மாவைவிடக் கேடு. கொஞ்சம் மருந்து கிருமியைக் கொல்லாது, மருந்துக்குப் பழக்கிவிடும்.

‘இருக்கிறதா’ என்று கேட்கும் சோதனையைப் போலி தயாரிப்பவன் தாண்டிவிட்டால், ‘எவ்வளவு’ என்று கேட்க வேண்டும். அதற்கு உயரழுத்தத் திரவ நிறப்பிரிகை இருக்கிறது. வசதியில்லாத நாடுகளுக்காக ஜெர்மன் அறக்கட்டளை ஒன்று இரண்டு பெட்டிக்குள் அடங்கும் ‘மினிலேப்’ கருவித் தொகுப்பை உருவாக்கியது. மெல்லிய தகட்டில் கரைப்பான் ஏறும்போது மருந்துப் புள்ளியும் கூடவே ஏறும், அதன் உயரத்தையும் அடர்த்தியையும் அசல் மருந்தின் புள்ளியோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். அதற்கும் மேலே, எங்கே செய்தது என்று கேட்க வேண்டுமானால் வேதியியல் மட்டும் போதாது. இன்டர்போலின் ‘ஆபரேஷன் ஜூபிடர்’ விசாரணையில் நியூசிலாந்தின் டல்லாஸ் மில்டன்ஹால் மாத்திரைக்குள் சிக்கியிருந்த மகரந்தத்தை நுண்ணோக்கியில் பார்த்தார். தொழிற்கூடத்துக் காற்றிலிருந்து மாவில் படிந்த மகரந்தம் அது. அதுவும், மாவில் கலந்திருந்த கால்சைட் கனிமத்தின் தன்மையும் தென்சீனப் பகுதியைக் காட்டின. சில மாத்திரைகளில் பாரசிட்டமால், சிலவற்றில் குளோராம்பெனிகால், சிலவற்றில் போதை மாத்திரைக்கு மூலப்பொருளான சாஃப்ரோல்கூட இருந்தது. 391 மாதிரிகளில் சரிபாதி போலி என்று 2008-ல் வெளியான அந்த ஆய்வு சீனாவில் சிலரைச் சிறைக்கு அனுப்ப உதவியது. பூந்தாது சாட்சி சொன்ன வழக்குகள் உலகில் அதிகம் இருக்காது.

நம் நாட்டுக்கும் இது புதிதல்ல. மலேரியாவுக்குக் குயினைனை நம்பியிருந்த காலத்தில் அதன் தரம் பற்றிய புகார்கள் பெருகித்தான், 1930-ல் ஆர். என். சோப்ரா தலைமையில் மருந்து விசாரணைக் குழு அமைந்தது. 1940-ன் மருந்துச் சட்டம் அதன் பிள்ளை.

சட்டம் இருந்தும் 2025-ல் என்ன நடந்தது என்பது காஞ்சிபுரம் மாவட்டம் சுங்குவார்சத்திரத்தில் தெரிந்தது. அங்கே தயாரான ‘கோல்ட்ரிஃப்’ இருமல் மருந்தைக் குடித்த மத்தியப் பிரதேசக் குழந்தைகள் சிறுநீரகம் செயலிழந்து அடுத்தடுத்து இறந்தார்கள். மத்தியப் பிரதேசத்தில் முதலில் சோதித்த சில மாதிரிகளில் நஞ்சு தென்படவில்லை. அக்டோபர் தொடக்கத்தில் தமிழக மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை தொழிற்சாலையிலேயே மாதிரி எடுத்து, தன் ஆய்வகத்தில் சோதித்து, ஓரிரு நாளில் முடிவைச் சொன்னது. 48.6 சதவீதம் டைஎத்திலீன் கிளைகால். அனுமதிக்கப்பட்ட உச்சவரம்பு 0.1 சதவீதம். இங்கேயும் அதே கணக்குத்தான். இனிப்பான, கெட்டியான புரோப்பிலீன் கிளைகால் இருக்க வேண்டிய இடத்தில் அதேபோல் இனிப்பான, கெட்டியான தொழிற்சாலை ரசாயனம். கண்டுபிடிக்கும் கருவியும் அதேதான், வாயு நிறப்பிரிகை. மூலப்பொருள் டிரம் வாசலுக்கு வந்த அன்றே ஒரு சொட்டு எடுத்து ஏற்றியிருந்தால் திரையில் தெரிந்திருக்கும். அந்த இயந்திரம் இருந்தும் ஓடாத தொழிற்கூடமும், இல்லவே இல்லாத தொழிற்கூடமும் குழந்தைக்கு ஒன்றுதான்.

மீண்டும் கள்ளக்குறிச்சி மருத்துவமனைக்கு. நோயாளி கட்டிலில் கிடக்கும்போது விழுப்புரத்து அறிக்கைக்காகக் காத்திருக்க முடியாது. ரத்தத்தில் மெத்தனாலை நேரடியாக அளக்கும் வசதி பெரும்பாலான மாவட்ட மருத்துவமனைகளில் கிடையாது. அங்கே மருத்துவர்கள் சுற்றுவழியில் கணக்குப் போடுகிறார்கள். ரத்தத்தில் சோடியத்தின் அளவிலிருந்து குளோரைடையும் பைகார்பனேட்டையும் கழித்தால் சாதாரணமாகப் பன்னிரண்டைச் சுற்றி நிற்கும். முப்பதைத் தாண்டினால் எங்கோ கணக்கில் வராத அமிலம் இருக்கிறது. இன்னொரு கணக்கு, ரத்தத்தில் கரைந்துள்ள துகள்களின் மொத்தச் செறிவைப் பற்றியது. அளந்து பார்த்த எண்ணும் கணக்கிட்டு வந்த எண்ணும் ஒத்துப்போகாவிட்டால், ஏதோ அயல் சரக்கு உள்ளே மிதக்கிறது. நூறு மில்லி ரத்தத்தில் 100 மில்லிகிராம் மெத்தனால் இருந்தால் இந்த இடைவெளி சுமார் 31 கூடும்.

இதில் ஒரு பொறி இருக்கிறது. குடித்துச் சில மணி நேரத்தில் வந்தவருக்கு இரண்டாவது கணக்கின் இடைவெளி பெரிதாகவும் முதல் கணக்கின் எண் சாதாரணமாகவும் இருக்கும். மெத்தனால் இன்னும் உடையவில்லை. ஒரு நாள் கழித்து வந்தவருக்கு நேர்மாறு. மெத்தனால் போய்விட்டது, அமிலம் நிறைந்துவிட்டது. ஒரே ஒரு கணக்கை மட்டும் பார்க்கும் இளம் மருத்துவர், காப்பாற்றக்கூடிய ஆளை ‘நார்மல்’ என்று வீட்டுக்கு அனுப்பிவிடலாம். இதற்காகவே ஆஸ்லோவில் கனுட் எரிக் ஹோவ்டா குழுவினர் ஃபார்மிக் அமிலத்தின் அயனியான ஃபார்மேட்டை நேரடியாகப் பிடிக்கும் பட்டையை உருவாக்க முயன்று வருகிறார்கள். சர்க்கரை பார்க்கும் பட்டை மாதிரி, விரல் நுனி ரத்தத்தில் நிறம் மாறும். அது கல்வராயன் மலையிலுள்ள ஆரம்ப சுகாதார நிலையத்தின் அலமாரியில் இருக்க வேண்டிய பொருள். மலையிலிருந்து மாவட்ட மருத்துவமனைக்கு இறங்கும் நேரத்துக்குள் சிகிச்சையைத் தொடங்கிவிடலாம்.

சம்பவத்துக்குப் பிறகு சட்டசபை 2024 ஜூன் 29 அன்று மதுவிலக்குச் சட்டத்தைத் திருத்தி, ஆயுள் தண்டனை, 10 லட்சம் ரூபாய் அபராதம் என்று கடுமையாக்கியது. நவம்பர் 20 அன்று சென்னை உயர் நீதிமன்றம் வழக்கை சிபிஐக்கு மாற்றியது. மெத்தனாலை வைத்திருக்கவும் விற்கவும் உரிமம் வேண்டும் என்ற விதி தமிழ்நாட்டில் 1959-லிருந்தே இருக்கிறது. விதிக்கும் டிரம்முக்கும் நடுவே எத்தனை கைகள் என்பதைத் தடய அறிவியல் சொல்லாது. அது போலீசும் கலால் துறையும் செய்ய வேண்டிய வேலை. ஆய்வகத்தைப் பாராட்டிவிட்டு அந்த வேலையை மறப்பது வழக்கமாகிவிட்டது.

வாசகர் செய்யக்கூடியது ஒன்று உண்டு. சாராயம் குடித்த ஒருவர் மறுநாள் கண் மங்குகிறது, வயிறு வலிக்கிறது என்றால் தூங்க விடாமல் உடனே 108-ஐ அழையுங்கள். என்ன குடித்தார் என்பதை மருத்துவரிடம் மறைக்காதீர்கள். மிச்சமிருக்கும் பாக்கெட்டைத் தூக்கி எறியாமல் இறுகக் கட்டிக் கூடவே எடுத்துப் போங்கள். மருந்து விஷயத்திலும் அப்படியே. குழந்தைக்குக் கொடுத்த பாட்டிலையும், மாத்திரை அட்டையில் பேட்ச் எண் அச்சான துண்டையும் நோய் தீரும்வரை வைத்திருங்கள். ஆய்வகத்துக்கு அதுதான் முதல் மாதிரி.